கடைமடையில் குடிநீக்கமும் கேள்வி முறையும்

தமிழில் 'கேள்' என்னும் வினைச்சொல் இருபொருள் உடையது. பிறர் கூறுவதைச் செவியேற்பதும் கேட்டல். அறியாததை வினவுவதும் கேட்டல். ஆங்கிலச் சட்டமொழியிலும் நீதிமன்ற விசாரணையைக் குறிக்க வழங்கும் சொல் செவியுறுதல் என்னும் பொருளிலிருந்து பிறந்ததே. வினவுதலையும் செவியேற்றலையும் ஒரே சொல்லில் அடக்கிய தமிழ், முறை செய்வோனுக்கு இவ்விரண்டையும் கடமையாக வைத்தது. திருக்குறளின் செங்கோன்மை அதிகாரம் குற்றத்தை ஆராய்தலில்தான் தொடங்குகிறது. காட்சிக்கு எளியனாய் இராமல், ஆராயாமல் ஆள்பவன் தன்னாலேயே கெடுவான் என்ற எச்சரிக்கையும் அவ்வதிகாரத்திலேயே உள்ளது. அரசவைக்கு உரைக்கப்பெற்ற இந்நெறி, குடிசை வாயில்வரை எப்போது வந்து சேர்ந்தது, எவ்வளவு வந்து சேர்ந்தது என்பதைக் காவிரிக் கடைமடையை மையமாகக் கொண்டு காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

சிலப்பதிகாரம் பூம்புகாரில் தொடங்கும் கதை. அதன் கொலைக்களக் காதையைச் சட்டம் பயின்றோர் படித்தால், களவுக்குற்றம் அவர்கள் கண்ணில் முதலில் படாது. குற்றம் சாட்டப்பட்டவன் வாய்திறக்க இடமே தரப்படவில்லை என்பதே முதலில் படும். பொற்கொல்லன் ஒருவன் கூற்றை மட்டும் அரசன் கேட்கிறான். அரசியின் ஊடலைத் தணிக்க விரையும் வேளை அது. காவலரை ஏவிவிட்டு அவன் நடந்துவிடுகிறான். அவையில் நிகழ வேண்டிய விசாரணை தெருவுக்கு இடம்பெயர்ந்துவிடுகிறது. ஏவப்பட்ட காவலரே, இவன் கள்வனாகத் தோன்றவில்லையே எனத் தயங்குகின்றனர். அத்தயக்கம் ஒருவன் வாள்வீச்சில் முடிகிறது. பின்னர்க் கண்ணகி அவை புகுந்தபோது நடந்த விசாரணை மிகவும் சுருக்கமானது. அவள் சிலம்பின் பரல் மாணிக்கம் என்றாள். அரசியின் சிலம்புப் பரல் முத்து என்றான் அரசன். சிலம்பு கொணரப்பட்டது, உடைக்கப்பட்டது, உண்மை தெறித்தது. அதற்கு ஒரு நாழிகைகூட ஆகியிராது. கண்ணகியின் சினத்தைப் பாடிய கவிஞர் பலர். அவள் அவையில் முதலில் கோரியது விசாரணையே என்பதைப் பாடியோர் அரியர்.

அவ்வவையில் கண்ணகி தன் ஊரை அறிமுகம் செய்யும்போது, ஆவின் கன்றுக்காகத் தன் மகனையே தேர்க்காலில் இட்ட சோழனை நினைவூட்டுகிறாள். பெரியபுராணம் அந்நிகழ்ச்சியைத் திருவாரூரில் நிகழ்ந்ததாகக் கூறும். அக்கதையில் மகனுக்குக் கிடைத்த தண்டனையைக் காட்டிலும் சிந்திக்கத்தக்கது அரண்மனை வாயிலில் தொங்கிய ஆராய்ச்சி மணி. பேச இயலாத உயிருக்கும் முறையிட ஒரு கருவி வேண்டும் என்று அரசு தானே முன்வந்து அமைத்த ஏற்பாடு அது. மணியை அடித்தவர் யார், எக்குலத்தார், தகுதியுடையவரா என்று வாயிலோர் வினவவில்லை.

ஆயினும் இலக்கியம் காட்டும் சோழநாடு ஒன்று. கல்லெழுத்துக் காட்டும் சோழநாடு இன்னொன்று. சோழர் கல்வெட்டுகளில் நிலக்கொடைகளைக் குறிக்கும்போது 'குடிநீக்கி' என்றும் 'குடிநீங்கா' என்றும் இரு தொடர்கள் வருகின்றன. முன்பிருந்த உழுகுடிகளை அகற்றிவிட்டுத் தரப்பட்ட தேவதானம் குடிநீக்கிய தேவதானம். குடிகள் அங்கேயே இருக்க, வருவாயுரிமை மட்டும் கைமாறியது குடிநீங்காத் தேவதானம். கொடுத்தவர் பெயர், பெற்றவர் பெயர், நான்கெல்லை, எழுதியவர் கையெழுத்து எனச் செப்பேடுகள் அனைத்தையும் விரித்துரைக்கும். நீக்கப்பட்ட குடிகளின் நிலையோ ஒற்றை வினையெச்சத்தில் முடிந்துவிடுகிறது. நாகையில் எழுந்த சூடாமணி விகாரத்திற்கு ஆனைமங்கலம் என்னும் ஊரை முதலாம் இராசராசன் வழங்கிய செய்தியைக் கூறும் லெய்டன் பெரிய செப்பேடுகள் இன்று நெதர்லாந்தின் பெயரோடு உலகறிந்தவை. பிடிசூழ்ந்து எல்லை வகுத்த முறையையெல்லாம் அவ்வேடுகள் நுணுக்கமாகக் கூறுகின்றன. அத்தகைய நுணுக்கம், குடியை நீக்குமுன் குடி என்ன சொன்னது என்பதில் எந்தச் செப்பேட்டிலும் காட்டப்படவில்லை.

தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகள் இன்னொரு செய்தியைத் தருகின்றன. ஊர்களின் நிலத்தை அளந்து இறை விதிக்கும்போது, இறை நீங்கிய நிலங்கள் என ஒரு பட்டியல் கழிக்கப்படுகிறது. ஊர்நத்தம், கோயில், குளம், ஊரை ஊடறுத்துச் செல்லும் வாய்க்கால், கம்மாணச்சேரி, பறைச்சேரி, சுடுகாடு ஆகியன அப்பட்டியலில் அடுத்தடுத்து நிற்கும். வாய்க்காலும் சேரியும் ஒரே கணக்கில் ஒதுக்கப்பட்டன. பின்னாளில் இத்தகைய நிலங்களுக்குப் 'புறம்போக்கு' என்று பெயர் வந்தது. கணக்குக்குப் புறம்பானது என்பதே அச்சொல்லின் நேர்ப்பொருள். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே வாய்க்காலோடு சேர்த்து எண்ணப்பட்ட குடிகளின் வழிவந்தோர் இன்றும் வாய்க்கால் கரையிலேயே வாழ்கின்றனர் என்பது இக்கட்டுரையின் பிற்பகுதியில் மீண்டும் எழும்.

பிரித்தானியர் ஆட்சியில் தஞ்சை மாவட்டம் மிராசுதாரர் மாவட்டமாகவே விளங்கியது. நாகப்பட்டினமும் 1991 அக்டோபரில் தனி மாவட்டமாகும்வரை அதன் பகுதியே. கீழத்தஞ்சையில் வேரூன்றியிருந்த பண்ணையாள் முறையில் வேலையும் வீடும் ஒரே முடிச்சில் கட்டப்பட்டிருந்தன. பண்ணையாளின் குடிசை நின்றது மிராசுதாரரின் மனைக்கட்டில். சுவர் அவன் குழைத்த மண், கூரை அவன் வேய்ந்த கீற்று, அடிமனையோ பண்ணைக்குரியது. கூலி குறைவென்று வாய்திறந்தால் வேலை போகும். வேலை போனால் குடிசையும் போகும். இந்த இரண்டாவது அச்சமே முதலாவதைக் காட்டிலும் வலியது. பசியை ஒருவன் இரண்டு நாள் பொறுப்பான். மழைக்காலத்தில் பிள்ளைகளோடு களத்துமேட்டில் நிற்பதை எத்தனை நாள் பொறுப்பான்? சாணிப்பாலும் சவுக்கடியும் பண்ணையடிமையின் அடையாளங்களாக அடிக்கடி எடுத்துரைக்கப்படுகின்றன. அவற்றைத் தாங்கிக்கொள்ளச் செய்தது இந்த மனைக்கட்டு என்பது போதிய அளவு எடுத்துரைக்கப்படவில்லை.

1943-இல் தென்பரையில் விவசாயிகள் சங்கம் அமைந்ததும், கன்னடநாட்டிலிருந்து வந்து கீழத்தஞ்சையைத் தம் மண்ணாக்கிக்கொண்ட பி. சீனிவாசராவ் அதனை ஊர்தோறும் பரப்பியதும் பலர் அறிந்தவை. தொடர்ந்து ஏற்பட்ட ஒப்பந்தங்களில் ஒரு நுட்பம் உண்டு. கூலி உயர்ந்தது என்பது ஒருபுறம் இருக்க, மிராசுதாரரும் பண்ணையாளின் பேராளரும் அரசு அலுவலர் முன்னிலையில் ஒரே இடத்தில் அமர்ந்து பேச நேர்ந்தது. அதுவரை ஆணையிடும் ஒலியாகவும் அஞ்சும் ஒலியாகவும் இருந்தவை, வழக்கின் இருதரப்புகளாக மாறின.

1952 ஆகஸ்டு 23-இல், இராஜாஜி முதலமைச்சராக இருந்தபோது, தஞ்சாவூர்க் குத்தகைதாரர், பண்ணையாள் பாதுகாப்பு அவசரச் சட்டம் பிறப்பிக்கப்பட்டது. அவ்வாண்டிலேயே அது சட்டமாயிற்று. ஓர் ஊரில் ஒரு வேலிக்கு, அதாவது ஏறத்தாழ 6.67 ஏக்கருக்கு, மேல் நிலம் உடையோரை அது கட்டுப்படுத்தியது. வாரக் குத்தகைதாரருக்கு விளைவில் ஐந்தில் இரண்டு பங்கும் ஐந்தாண்டுக் குத்தகைக்காலமும் உறுதி செய்யப்பட்டன. பண்ணையாளை நினைத்தபோது நீக்க இயலாதபடி தடை வந்தது. இவற்றையெல்லாம்விட வரலாற்று நோக்கில் புதுமையானது, தகராறுகளை விசாரிக்கச் சமரச அதிகாரி என்னும் ஒருவரையும், அவர் முடிவின்மேல் முறையிட வருவாய் நீதிமன்றம் ஒன்றையும் அச்சட்டம் ஏற்படுத்தியதாகும். நீக்கப்பட்ட பண்ணையாள் ஒருவன் தன்னை நீக்கியது ஏன் என்று சட்டத்தின் பெயரால் வினவலாம். நீக்கியவர் விடை கூறியாக வேண்டும். ஆராய்ச்சி மணி கதையிலிருந்து இறங்கித் தாலுகா அலுவலக வாயிலில் தொங்கிய தருணம் என்று இதனைச் சொல்வது மிகையன்று.

மணியின் நாக்கைக் கழற்றி வைக்கும் வழியும் உடனே கண்டறியப்பட்டது. சட்டம் காப்பது பண்ணையாளை. ஆகவே பண்ணையாள் என்று எவரும் இல்லாமல் செய்துவிட்டால் போதும் எனப் பலர் கருதினர். நிலையான பண்ணையாட்கள் நாட்கூலிகளாக்கப்பட்டனர். நாட்கூலியை நீக்க வேண்டியதே இல்லை. மறுநாள் அழைக்காமல் இருந்தாலே போதும். உரிமையைப் பெறும் தகுதியை ஒரு பெயரோடு கட்டிவைத்தால், பெயரை மாற்றி உரிமையைப் பறிக்கலாம் என்பதற்கு இதைக் காட்டிலும் தெளிவான சான்று அரிது.

வேலைக்கும் வீட்டுக்கும் இடையிலிருந்த முடிச்சை அவிழ்க்க 1961-இல் குடியிருப்புச் சட்டம் வந்தது. குடியிருப்பு அனுபோகதாரர்களை வெளியேற்றத்திலிருந்து காக்கும் அச்சட்டம், உழவரோ உழவுத்தொழிலாளரோ குடியிருக்கும் வீட்டையும் குடிசையையும் அதன் அடிமனையையும் 'குடியிருப்பு' என்ற ஒரு சொல்லுக்குள் கொண்டுவந்தது. இனி நிலவுடைமையாளர் தம் விருப்பம்போல் எவரையும் வெளியேற்ற இயலாது. சட்டம் ஒப்பும் காரணம் வேண்டும். அதற்கென அமர்த்தப்பெற்ற அலுவலர்முன் அதனை மெய்ப்பிக்கவும் வேண்டும். உழுகுடியின் வீட்டை அதன் உழைப்பிலிருந்து பிரித்து, தனியுரிமையாகக் கண்ட முதற்சட்டங்களுள் இது ஒன்று. சீனிவாசராவ் மறைந்ததும் அதே 1961-இல்தான்.

சட்டப்புத்தகத்தில் இவ்வாறு இருந்தபோதும் ஏழாண்டுகளுக்குப் பின்னர்க் கீழவெண்மணி நிகழ்ந்தது. 1968 டிசம்பர் 25 இரவு, கூலி உயர்வு கேட்ட தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும், ஒரே குடிசைக்குள் எரிக்கப்பட்டனர். அந்நிகழ்ச்சி ஞானக்கூத்தன் கவிதையிலும், 1977-இல் சாகித்திய அகாதெமி பரிசு பெற்ற இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' நாவலிலும், சோலை சுந்தரபெருமாளின் 'செந்நெல்' நாவலிலும் இடம்பெற்றமை இலக்கிய அன்பர் அறிந்ததே. வழக்கில் விசாரணை நீதிமன்றம் சிலரைத் தண்டித்தது. மேல்முறையீட்டில் அவர்கள் விடுவிக்கப்பட்டனர். பெருநிலக்கிழார்கள் தாமே நடந்துவந்து தீவைத்திருப்பர் என்பதை நம்ப இயலவில்லை என்ற கருத்து அத்தீர்ப்பில் இடம்பெற்றது இன்றளவும் பேசப்படுகிறது. இங்கே கேள்வி முறையின் எல்லையும் புலப்படுகிறது. செவியேற்பது வேறு; செவியேற்றதை நம்புவது வேறு. சேரியிலிருந்து வந்த சாட்சி வாய்திறந்து பேசலாயிற்று. அவ்வாய்மொழியின் எடையைத் தீர்மானிக்கும் தராசு இன்னும் பழைய தராசாகவே இருந்தது.

1971-இல், நாகை வட்டாரத்துத் திருக்குவளையில் பிறந்த மு. கருணாநிதி முதலமைச்சராக இருந்தபோது, குடியிருப்புகளின் உடைமையைக் குடியிருப்போருக்கே வழங்கும் சட்டம் நிறைவேறியது. காப்பு உரிமையாயிற்று, அடிமனை குடியானவனுக்குச் சொந்தமாயிற்று. தனியார் நிலத்தில் குடிசை கட்டி வாழ்ந்த உழவுத்தொழிலாளர்க்கு இது பெரும் விடிவு. ஆனால் கடைமடையின் நிலமற்றோர் அனைவரும் மிராசுதாரர் மனையில் வாழவில்லை. வாய்க்கால் கரையிலும் ஆற்றுப் படுகையிலும் சாலையோரத்திலும் கடற்கரையிலும் குடியிருந்தோரும் பல்லாயிரவர். இவர்களுக்கு நிலக்கிழார் யார்? அரசே. தனியார் நிலக்கிழாருக்குக் காரணம் கூறும் கடமையை விதித்த அரசு, தான் நிலக்கிழாராக நிற்கும்போது அக்கடமையைத் தனக்கும் விதித்துக்கொண்டதா என்பதே அடுத்து எழும் வினா.

விடை முழுதும் 'இல்லை' என்பதன்று. சென்னை மாகாணத்தில் 1905-இல் இயற்றப்பட்ட நில ஆக்கிரமிப்புச் சட்டம் இன்றும் நடைமுறையில் உள்ளது. அதன் 6ஆம் பிரிவு புறம்போக்கிலிருந்து வெளியேற்றும் அதிகாரத்தைத் தருகிறது. 7ஆம் பிரிவோ அவ்வாறு செய்யுமுன் அறிவிப்புக் கொடுத்து, ஏன் வெளியேற்றக் கூடாது என்பதற்குக் காரணம் கூறச் சொல்ல வேண்டும் என்கிறது. குடியேற்ற ஆட்சி இயற்றிய சட்டத்திலேயே இந்தச் சிறு செவி அமைந்திருந்தது வியப்புக்குரியது. நடைமுறையில் புறம்போக்கில் இருப்போர் பெரிதும் அறிந்தது 'பி மெமோ'வையே. ஆண்டுதோறும் தண்டத்தீர்வை செலுத்திப் பெற்ற பி மெமோ ரசீதுகளைத் தகரப்பெட்டியில் அடுக்கிவைத்து, அரசு தம்மை ஏற்றுக்கொண்டதன் சான்று அவை என்று நம்பும் குடும்பங்கள் டெல்டா முழுதும் உண்டு. சட்டத்தின் கண்ணில் அவை ஆக்கிரமிப்புக் குற்றத்தின் சான்று. ஒரே தாளைக் குடி ஒருவாறும் கோல் வேறொருவாறும் படிப்பதே விசாரணை ஏன் வேண்டும் என்பதற்குப் போதிய காரணம்.

அரசு தானே கட்டிய வீடுகளுக்கும் பொதுக்கட்டடங்களுக்கும் 1975ஆம் ஆண்டுப் பொது வளாகச் சட்டம் பொருந்தும். அதன்படி வெளியேற்ற ஆணைக்கு முன் காரணங்காட்டு அறிவிப்பு வேண்டும். ஆணைக்குப் பின் மாவட்ட நீதிபதியிடம் மேல்முறையீடு உண்டு. எனினும் முதலில் விசாரிப்பவர் அரசின் அலுவலரே. வழக்குத் தொடுப்பவரின் வீட்டிலேயே வழக்கு மன்றமும் அமைந்தால், எத்துணை நேர்மையாளரும் ஐயத்துக்கு ஆளாவார். சங்கடமான இக்கூட்டுக்கு மருந்தாக எஞ்சுவது, ஆணையில் காரணம் எழுதப்பட வேண்டும் என்னும் விதியே. எழுதிய காரணத்தை மேலிருப்பவர் படிக்க இயலும்; எழுதாத காரணத்தை எவரும் படிக்க இயலாது.

வீடிடிப்புக்கும் கேள்வி முறைக்கும் உள்ள உறவு உலகச் சட்ட வரலாற்றிலும் பழையது. இலண்டனின் வான்ஸ்வொர்த் பகுதியில், முன்னறிவிப்புத் தராமல் கட்டத் தொடங்கினார் என்பதற்காக ஒருவரது வீட்டை உள்ளாட்சி வாரியம் இடித்துத் தள்ளியது. 1863-இல் தீர்ப்புரைத்த நீதிபதிகள், இடிக்கும் அதிகாரத்தைத் தந்த சட்டம் விசாரணையைப் பற்றி வாளாவிருந்தாலும் அந்த இடைவெளியைப் பொதுச்சட்டத்தின் நீதியே நிரப்பும் என்றனர். அத்தீர்ப்பு நினைவூட்டிய முன்னோடி இன்னும் சுவையானது. 1723-இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் தொடர்பான வழக்கொன்றில், இறைவனே ஆதாமை ஏதேன் தோட்டத்திலிருந்து வெளியேற்றுமுன் அவனை அழைத்து வினவினான் என நீதிபதி ஒருவர் எடுத்துக்காட்டினார். முற்றும் உணர்ந்தவன் வினவ வேண்டிய தேவையில்லை, ஆயினும் வினவினான். மனிதகுலத்தின் முதற் குடிநீக்கம் விசாரணையோடு நிகழ்ந்தது என்ற இக்கற்பனையைக் கவிஞர்களே பொறாமைப்படும் உவமை எனலாம்.

அமெரிக்காவில் வட கரோலினாவின் டர்ஹாம் நகரில், அரசு வீட்டுவசதிக் குடியிருப்பில் வாழ்ந்த ஒரு பெண் 1965 ஆகஸ்டில் குடியிருப்போர் சங்கத் தலைவியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். மறுநாளே அவரது குத்தகை இரத்தாகிறது என்ற அறிவிப்பு வந்தது. காரணம் கூறப்படவில்லை, ஒப்பந்தப்படி காரணம் கூறத் தேவையில்லை என்றது வாரியம். வழக்கு நடந்துகொண்டிருந்தபோதே, 1967-இல், வெளியேற்றப்படுவோருக்குக் காரணத்தைக் கூறி, விடையளிக்க வாய்ப்பும் தர வேண்டும் எனக் கூட்டரசு சுற்றறிக்கை விடுத்தது. அச்சுற்றறிக்கை அவர் வழக்குக்கும் பொருந்தும் என 1969-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. தலைவி ஆனதற்கும் வீட்டை இழப்பதற்கும் இடையில் ஓர் இரவே இருந்தது என்பதைப் படிக்கும் கீழத்தஞ்சைக்காரர், சங்கக்கொடி ஏறிய மறுநாள் மனைக்கட்டைக் காலி செய்யச் சொன்ன காலத்தை நினையாமல் இருக்க இயலாது.

இந்தியாவில் இவ்வினாவை உச்ச நீதிமன்றத்தின் முன் நிறுத்திய வழக்குகளுள் தலையாயது பம்பாய் நடைபாதைவாசிகளுடையது. 1981 சூலையில் மழைக்காலத்து நடுவில் நடைபாதைக் குடிசைகள் பிரிக்கப்பட்டன. மனுதாரர்களுள் ஒருவர் தமிழர். சேலத்தைச் சேர்ந்த நிலமற்ற தொழிலாளி. வறட்சியால் வேலையிழந்து 1961-இல் பம்பாய் சென்றவர். குடிசை பிரிக்கப்பட்டதும் குடும்பத்தோடு சேலத்துக்குப் பேருந்தேற்றப்பட்டார். மனைவி மக்களை ஊரில் விட்டுவிட்டு வேலை தேடி மீண்டும் அதே பம்பாயின் நடைபாதைக்கே திரும்பினார். ஊரில் நிலமில்லை, நகரில் தரையில்லை என்னும் இருபுற மூடலின் நடுவே நின்ற அம்மனிதரின் வரலாறு தீர்ப்பின் பக்கங்களில் சில வரிகளாகப் பதிந்துள்ளது.

1985 சூலை 10-இல் தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் தலைமையிலான அமர்வு தீர்ப்பளித்தது. வாழ்வுரிமையில் பிழைப்புரிமையும் அடங்கும் என்றது; அறிவிப்பின்றி அகற்றலாம் என மாநகராட்சிச் சட்டம் கூறினும், அது விதிவிலக்கான நேரத்துக்கே உரியது, பொதுவாக அறிவிப்பும் விசாரணையும் வேண்டும் என்றது. விசாரணையால் பயன் உண்டோ இல்லையோ, ஒருவரை அவரைப் பாதிக்கும் முடிவில் பேச விடுவதே மனித மாண்பைச் சார்ந்தது என்ற கருத்தும் அதில் உண்டு. இத்துணையும் கூறிய பின்னர் நீதிமன்றம், நடைபாதைவாசிகளின் கூற்றைத் தாமே விரிவாகக் கேட்டுவிட்டதால் ஆணையர் தனியே கேட்க வேண்டிய தேவை இல்லை எனவும் முடித்தது. மழைக்காலம் கழியும் அக்டோபர் 31வரை அவகாசம் தரப்பட்டது. உரிமை நிலைநாட்டப்பட்டது, அதை நிலைநாட்டியோர் வீடு நிலைக்கவில்லை. சேலத்துத் தொழிலாளியின் குடிசை எவ்விடம், எத்தனை ஆண்டு, எவருக்கு இடையூறு என்பதைப் பம்பாயின் ஓர் அலுவலர் நேரில் வினவுவதற்கும், தில்லியில் வழக்கறிஞர் வாதம் கேட்கப்படுவதற்கும் வேறுபாடு உண்டு. அவ்வேறுபாட்டை அத்தீர்ப்பு கடந்து சென்றுவிட்டது என்றே கருத வேண்டியுள்ளது. சென்னைக் குடிசைவாசிகள் தொடர்பாக அதே ஆண்டில் முடிந்த வழக்கில், மாற்றிடம் அளிப்பதில் தமிழக அரசு காட்டிவந்த அக்கறை தொடரும் என்ற நம்பிக்கையைத் தெரிவித்து நீதிமன்றம் நிறைவு செய்தது. நம்பிக்கை நல்லதே, அது ஆணைக்கு ஈடாகாது.

நாகைக்கு இவ்வினா முற்றிலும் வேறு வடிவில் 2004 டிசம்பர் 26-இல் வந்து சேர்ந்தது. ஆழிப்பேரலையில் அன்றைய நாகை மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அக்கரைப்பேட்டை, கீச்சாங்குப்பம் ஆகிய மீனவக் குடியிருப்புகள் சிதைந்தன. 2005 மார்ச்சு 30-இல் அரசு பிறப்பித்த வீட்டுவசதி ஆணை, உயரலைக் கோட்டிலிருந்து 200 மீட்டருக்குள் வீடிழந்தோர்க்கு ஒரு தெரிவை வைத்தது. 200 மீட்டருக்கு அப்பால் செல்ல ஒப்பினால் 1.5 இலட்சம் ரூபாய் மதிப்புள்ள புதுவீடு இலவசம். பழைய மனையை அரசிடம் ஒப்படைக்க வேண்டும். செல்ல விரும்பாதோர் தம் செலவில் பழுதுபார்த்துக்கொண்டு அங்கேயே இருக்கலாம். அரசின் உதவி கிடையாது. வெளியேற்றம் என்ற சொல் அதில் எங்கும் இல்லை. விருப்பம் என்ற சொல்லே இருந்தது. வீட்டோடு படகையும் வலையையும் இழந்து நிவாரண முகாமில் இருக்கும் குடும்பத்தின் விருப்பம் எத்தகையது என்பதை வினவுவதற்கு எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவும் இல்லை. கட்டுமரமும் வலையும் கண்ணில் படும் தொலைவில் வாழ்வது மீனவருக்குத் தொழிலின் ஒரு பகுதி. கடலின் நிறத்தையும் காற்றின் திசையையும் பார்த்தே விடியலில் தொழிலுக்குப் போவதா என முடிவு செய்வர். 200 மீட்டர் என்பது அலுவலகத்து வரைபடத்தில் விரலகலம். அதே ஆணையில் பாராட்டத்தக்க ஒன்றும் இருந்தது. புதுவீட்டின் உரிமை கணவன், மனைவி இருவர் பெயரிலும் தரப்பட்டது. அறிவிப்பும் பட்டாவும் ஆண் பெயருக்கே வந்துகொண்டிருந்த ஊர்களில், வீட்டைப் பற்றிய எந்த விசாரணையிலும் இனிப் பெண்ணையும் ஒரு தரப்பாகக் கேட்டாக வேண்டும் என்ற நிலையை இச்சிறு மாற்றம் உருவாக்கியது.

தென்னாப்பிரிக்காவின் 1996ஆம் ஆண்டு அரசமைப்பு, நீதிமன்றம் சூழ்நிலைகள் அனைத்தையும் ஆராய்ந்து ஆணையிட்டாலன்றி எவரையும் வீட்டிலிருந்து வெளியேற்றலாகாது என 26ஆம் பிரிவில் எழுதிவைத்துள்ளது. நிறவெறி ஆட்சியில் இலட்சக்கணக்கானோர் பெயர்த்தெறியப்பட்ட நாட்டில் அவ்வரி பிறந்ததில் வியப்பில்லை. இந்திய அரசமைப்பில் அதற்கு நிகரான வெளிப்படையான வரி இல்லை. நீதிமன்றங்கள் 21ஆம் உறுப்பிலிருந்து அதை வழக்குக்கு வழக்கு வருவித்துக்கொள்கின்றன.

அவ்வாறு வருவித்தவற்றுள் ஒன்று 2024 நவம்பர் 13-இல் நீதிபதிகள் பி.ஆர். கவாய், கே.வி. விசுவநாதன் ஆகியோர் அளித்த தீர்ப்பு. குற்றம் சாட்டப்பட்டோரின் வீடுகள் எந்திரங்களால் தகர்க்கப்பட்ட நிகழ்ச்சிகளை ஒட்டி எழுந்தது அது. கட்டடத்தை இடிக்குமுன் குறைந்தது 15 நாள் அவகாசத்தோடு அறிவிப்பு வேண்டும். நேரில் பேச வாய்ப்பு வேண்டும். இடிப்பதைத் தவிர வேறு வழி ஏன் இல்லை என்பதைக் காட்டும் காரணங்களோடு இறுதியாணை வேண்டும். ஆணைக்குப் பின்னும் 15 நாள் பொறுக்க வேண்டும் என்றெல்லாம் அது விதித்தது. கோவலனுக்குக் கிடைக்காத அனைத்தும் அவ்விதிகளில் உள்ளன.

அதே தீர்ப்பில் ஒரு விலக்கும் உண்டு. சாலை, தெரு, நடைபாதை, இருப்புப்பாதை ஓரம், ஆறு, நீர்நிலை ஆகியவற்றில் உள்ள ஒப்புதலற்ற கட்டடங்களுக்கு இந்நெறிகள் பொருந்தா. மலைநாட்டிலோ பெருநகரிலோ நீர்நிலை என்பது ஊரில் ஒரு மூலை. காவிரிக் கடைமடையிலோ ஊரே நீர்நிலையின் மேல் அமைந்தது. வெட்டாறும் அரிச்சந்திரா நதியும் எண்ணற்ற வாய்க்கால்களும் வடிகால்களுமாகப் பிரிந்து கடலடையும் இவ்வட்டாரத்தில், வயல் அனைத்தும் பிறர்க்குரியதாக இருந்தபோது, நிலமற்றோர்க்குக் குடியிருக்க எஞ்சியது கரை ஒன்றே. வெள்ளம் வடிய வாய்க்கால் அகலமாக வேண்டும் என்பது உண்மை. ஒவ்வோர் ஐப்பசியிலும் கரையுடைப்பு நேரும் நாட்டில் அதனை மறுப்பாரும் இல்லை. கரையிலிருப்போர் யார், எப்போது வந்தார்கள், அங்கே அவர்களை முதலில் இருத்தியவர் யார் என்பதை வினவினாலும் வாய்க்கால் அகலமாவதற்குத் தடையில்லை. பெரிய கோயில் கல்வெட்டில் வாய்க்காலையும் சேரியையும் ஒரே பட்டியலில் கழித்த கணக்கு, புதிய தீர்ப்பின் விலக்கிலும் ஏறத்தாழ அதே வடிவில் திரும்ப வந்து நிற்கிறது.

அவ்விலக்கு 2024ஆம் ஆண்டு நெறிகளுக்கு மட்டுமே உரியது. வாய்க்கால் புறம்போக்கில் குடியிருப்போர்க்கு 1905ஆம் ஆண்டுச் சட்டத்தின் 7ஆம் பிரிவு அப்படியே உள்ளது. அறிவிப்பு வீட்டுக் கதவில் ஒட்டிவிட்டுப் போகாமல் கையில் தரப்படுகிறதா, அதிலுள்ள புல எண்ணை விளக்கிச் சொல்ல எவரேனும் உள்ளனரா, குறித்த நாளில் வட்டாட்சியர் அலுவலகத்தில் அமர்ந்து அவர்கள் கூறுவதை எழுதிக்கொள்ள ஒருவர் இருக்கிறாரா, தகரப்பெட்டியிலிருந்து எடுத்துவரும் பி மெமோ ரசீதுகளைப் பிரித்துப் படிக்கிறாரா என்பவற்றைப் பொறுத்தே அப்பிரிவு ஆராய்ச்சி மணியாவதும் வெறுந்தாளாவதும் அமையும்.